சோறு போட்டவனை எந்தக் கோர்ட்டு விசாரிக்கும்?

(மில் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் கலந்துகொண்ட சட்ட வகுப்பில் தொழிற்சங்க வழக்கறிஞர் ஒருவர் ஆற்றிய உரை)



சட்டத்தைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். ஆனால் சட்டப் புத்தகத்திலிருந்து ஆரம்பிக்கப் போவதில்லை. உங்கள் வீட்டு வாசலிலிருந்து ஆரம்பிக்கிறேன்.

கோயம்புத்தூரில் ஒரு மில் தொழிலாளி இருக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஷிப்ட் முடிந்து வீட்டுக்கு வந்து, கை கால் கழுவிக்கொண்டு சாப்பிட உட்காருகிறார். கதவு தட்டும் சத்தம் கேட்கிறது. திறந்தால் தஞ்சாவூர்ப் பக்கத்து ஊரிலிருந்து மச்சினன் வந்து நிற்கிறான். “ரெண்டு நாள் இருந்துட்டுப் போறேன் மாமா” என்கிறான். அக்காள் தட்டு வைக்கிறாள், பாய் போடுகிறாள். மூன்றாம் நாள் காலையில் பஸ் சார்ஜுக்குப் பணம் வாங்கிக்கொண்டு அவன் போய்விடுகிறான்.

பத்தாம் நாள் போலீஸ் வருகிறது. “தஞ்சாவூர்ப் பக்கம் ஒரு கொலை. உன் மச்சினன் அதில் எதிரி. அவனுக்கு இடம் கொடுத்தாய், சோறு போட்டாய், பணம் கொடுத்தாய். புறப்படு” என்கிறது.

அந்தத் தொழிலாளியின் மனதில் அப்பொழுது மூன்று கேள்விகள் எழும். சொந்தக்காரனுக்குச் சோறு போட்டது குற்றமா? நான் சோறு போட்டது கோயம்புத்தூரில். என்னைத் தஞ்சாவூர்க் கோர்ட்டுக்கு எப்படி இழுக்கலாம்? என்னை விசாரிக்கப் போவது மாஜிஸ்திரேட்டா, செஷன்ஸ் ஜட்ஜா, அல்லது ஏதாவது விசேஷக் கோர்ட்டா?

முதல் கேள்வியைத்தான் எல்லோரும் கேட்கிறார்கள். மற்ற இரண்டையும் கேட்பவர் குறைவு. ஆனால் ஏழையின் தலையெழுத்தை நிர்ணயிப்பவை அந்த இரண்டு கேள்விகள்தான். ஒரே சோறு, ஒரே பாய், ஒரே பஸ் சார்ஜ். அது ஒரு கோர்ட்டுக்குப் போனால் மறுநாள் ஜாமீன். வேறொரு கோர்ட்டுக்குப் போனால் வருஷக்கணக்கில் சிறை. இதைத்தான் இன்று நான் சொல்ல வந்தேன்.

சட்டம் என்ன சொல்கிறது?

1860ஆம் வருஷத்து இந்தியத் தண்டனைச் சட்டத்தில் இது 212ஆம் பிரிவாக இருந்தது. 2024 ஜூலை 1 முதல் அந்தச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நியாய சன்ஹிதா வந்துவிட்டது. அதில் இது 249ஆம் பிரிவு. எண்தான் மாறியிருக்கிறது, சரக்கு பழைய சரக்குதான்.

குற்றம் செய்தவனுக்கு ‘அடைக்கலம் கொடுப்பது’ என்றால் என்ன? இரண்டாம் உலக யுத்தம் நடந்துகொண்டிருந்த 1942இல் வெள்ளைக்காரச் சர்க்கார் இதற்கு ஒரு விளக்கத்தைத் தண்டனைச் சட்டத்தில் சேர்த்தது. தங்க இடம், சாப்பாடு, குடிக்கத் தண்ணீர், பணம், துணி, ஆயுதம், ஏறிப்போக வண்டி ஆகியவற்றில் எதைக் கொடுத்தாலும் அடைக்கலம்தான். பிடிபடாமல் தப்புவதற்கு வேறு எந்த வகையில் உதவினாலும் அடைக்கலம்தான். இந்த விளக்கம் இன்றைய சட்டத்திலும் அப்படியே இருக்கிறது.

கேட்டவுடன் பயம் வருகிறது அல்லவா? ஒரு சொம்பு தண்ணீர்கூடக் குற்றமாகிவிடும் போலத் தோன்றுகிறது. ஆனால் அதே சட்டம் போலீஸ் மீது ஒரு சுமையை ஏற்றியிருக்கிறது. போலீஸ் தரப்பு நாலு விஷயங்களை ருசுப்படுத்தியாக வேண்டும்.

ஒன்று, உண்மையிலேயே ஒரு குற்றம் நடந்திருக்க வேண்டும். இரண்டு, அந்தக் குற்றவாளிக்கு நீங்கள் இடம் கொடுத்திருக்க வேண்டும், அல்லது அவனை மறைத்திருக்க வேண்டும். மூன்று, அவன்தான் குற்றவாளி என்பது உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும், அல்லது அப்படி நம்புவதற்குப் போதுமான காரணம் உங்களிடம் இருந்திருக்க வேண்டும். நாலு, சட்டத்தின் தண்டனையிலிருந்து அவனைத் தப்புவிக்க வேண்டும் என்ற நோக்கம் உங்களுக்கு இருந்திருக்க வேண்டும்.

இந்த நாலில் ஒன்று இல்லாவிட்டாலும் வழக்கு நிற்காது. மச்சினன் என்பதற்காகச் சோறு போட்டவர், கொலை நடந்ததே தெரியாதவர், இந்தப் பிரிவின்படி குற்றவாளி அல்ல. ‘சந்தேகம் வந்திருக்க வேண்டுமே’ என்று போலீஸ் சொன்னால் அது போதாது. சந்தேகம் வேறு, நம்பப் போதுமான காரணம் வேறு.

தண்டனை எவ்வளவு? அது அடைக்கலம் பெற்றவன் செய்த குற்றத்தைப் பொறுத்தது. அது மரண தண்டனைக்குரிய குற்றமானால் அடைக்கலம் கொடுத்தவருக்கு 5 வருஷம் வரை சிறை, அபராதமும் உண்டு. ஆயுள் தண்டனைக்கோ 10 வருஷச் சிறைக்கோ உரியதானால் 3 வருஷம் வரை. ஒரு வருஷத்திலிருந்து பத்து வருஷத்துக்கு உட்பட்ட குற்றமானால், அந்தக் குற்றத்துக்குரிய அதிகபட்சச் சிறைக்காலத்தில் நாலில் ஒரு பங்கு, அல்லது அபராதம், அல்லது இரண்டும்.

இந்தக் கணக்கு நமக்கு முக்கியம். சட்டவிரோதமாகக் கூடியதற்குத் தண்டனை அதிகபட்சம் 6 மாதம். ஒரு வருஷத்துக்குக் குறைவு. ஆகவே மறியலில் அந்தக் குற்றச்சாட்டு மட்டும் சாட்டப்பட்ட ஒருவருக்கு நீங்கள் இடம் கொடுத்தால், அடைக்கலப் பிரிவு உங்களைத் தொடவே முடியாது. கலகம் செய்ததாகக் குற்றம் சாட்டினால் அதற்கு 2 வருஷம். நாலில் ஒரு பங்கு 6 மாதம். போலீஸ் எந்தப் பிரிவைப் போடுகிறது என்பதை ஏன் கூர்ந்து பார்க்க வேண்டும் என்பது இப்பொழுது புரிகிறதா?

காவலிலிருந்து தப்பியவருக்கும், கைது உத்தரவு பிறந்திருக்கிறது என்று தெரிந்தே ஒருவருக்கும் இடம் கொடுப்பது தனிப் பிரிவு. அங்கே தண்டனை 7 வருஷம் வரை போகும். கொள்ளைக்காரருக்கு இடம் கொடுப்பதும் தனிப் பிரிவு. அதற்கும் 7 வருஷம் வரை கடுங்காவல்.

பெற்ற தாய்க்கு விலக்கு இல்லை

கணவன் மனைவிக்கு இடம் கொடுத்தாலும், மனைவி கணவனுக்கு இடம் கொடுத்தாலும் குற்றமில்லை என்று சட்டம் விலக்கு அளிக்கிறது. நல்லதுதான். ஆனால் விலக்கு அவ்வளவோடு நின்றுவிட்டது. பெற்ற தாய்க்கு விலக்கு இல்லை. தகப்பனுக்கு இல்லை. கூடப்பிறந்த அக்காளுக்கு இல்லை. பிள்ளை ஓடி வந்து வாசலில் நிற்கும்பொழுது, ‘நீ என்ன செய்துவிட்டு வந்தாய்?’ என்று கேட்ட பிறகு சோறு போடுகிற தாய் எந்த ஊரில் இருக்கிறாள்? அவள் தெரியாமல் போட்டால் தப்பலாம். தெரிந்து போட்டால், தாய் என்பதற்காகச் சட்டம் இரங்காது. இது மாற வேண்டிய இடம் என்பது என் அபிப்பிராயம். மாறும் வரை நம் தாய்மார்கள் இதைத் தெரிந்துவைத்திருக்க வேண்டும்.

எந்த ஊர்க் கோர்ட்டு?

இப்பொழுது இரண்டாவது கேள்விக்கு வருவோம்.

குற்றம் எந்த ஊரில் நடந்ததோ, அந்த ஊர்க் கோர்ட்டுதான் விசாரிக்க வேண்டும் என்பது பொது விதி. ஆனால் அடைக்கலம் தனியாக நிற்கும் குற்றம் அல்ல. இன்னொரு குற்றத்தை ஒட்டிப் பிறக்கும் குற்றம். இப்படிப்பட்ட ஒட்டுக் குற்றங்களுக்கு ஒரு தனி விதி உண்டு. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அது 180ஆம் பிரிவு. இன்றைய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 200ஆம் பிரிவு. ஒரு செயல் இன்னொரு செயலோடு உள்ள சம்பந்தத்தால் குற்றமாகிறது என்றால், இரண்டில் எந்தச் செயல் நடந்த ஊரின் கோர்ட்டும் அதை விசாரிக்கலாம் என்பதே அந்த விதி.

ஆகவே நம் தொழிலாளியைக் கோயம்புத்தூர்க் கோர்ட்டும் விசாரிக்கலாம், தஞ்சாவூர்க் கோர்ட்டும் விசாரிக்கலாம். குற்றப்பத்திரிகை கொடுப்பது தஞ்சாவூர்ப் போலீஸ். அது எந்தக் கோர்ட்டில் கொடுக்கும்? தனக்குச் சௌகரியமான கோர்ட்டில்தான் கொடுக்கும்.

பணக்காரனுக்கு இது ஒரு பொருட்டல்ல. காரில் போவான், அங்கேயே வக்கீல் வைத்துக்கொள்வான். மில் தொழிலாளிக்கு? ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒரு ராத்திரிப் பயணம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் கூலி போகிறது. லீவு கிடைக்காமல் வேலையே போனாலும் போகலாம். கடைசியில் ‘குற்றம் ருசுவாகவில்லை’ என்று விடுதலை வருகிறது. விடுதலையானவர் கையில் என்ன மிச்சம்? கடன் மிச்சம். தீர்ப்பில் தண்டனை இல்லை, தூரமே தண்டனையாகிவிட்டது.

தவறான ஊரில் விசாரணை நடந்துவிட்டது என்ற ஒரே காரணத்துக்காக, முடிந்துபோன தீர்ப்பை ரத்துச் செய்ய முடியாது என்றும் சட்டம் சொல்கிறது. அதனால் நியாயம் கெட்டது என்று காட்டினால்தான் ரத்தாகும். ஆகவே ஆட்சேபணையை ஆரம்பத்திலேயே எழுப்ப வேண்டும். கடைசியில் எழுப்பினால் காது கேட்காது.

எந்தப் படிக்கட்டுக் கோர்ட்டு?

மூன்றாவது கேள்வி, எல்லாவற்றிலும் பெரியது.

249ஆம் பிரிவு முதல் வகுப்பு மாஜிஸ்திரேட் விசாரிக்க வேண்டிய வழக்கு. போலீஸ் வாரண்டு இல்லாமல் கைது செய்யலாம். ஆனால் ஜாமீன் உரிமையாகக் கிடைக்கும் குற்றம் இது. தயவு அல்ல, உரிமை. ஜாமீன் கொடுக்க ஆள் இல்லாத ஏழையாக இருந்து, ஒரு வாரம் ஆகியும் கொடுக்க முடியாவிட்டால், அவரை ஏழை என்றே கருதிச் சொந்தப் பத்திரத்தின் மேல் விட வேண்டும் என்றும் சட்டம் சொல்கிறது. முதல் வகுப்பு மாஜிஸ்திரேட் 3 வருஷத்துக்கு மேல் தண்டிக்க முடியாது. அதற்கு மேல் வேண்டும் என்று அவர் நினைத்தால், சீஃப் ஜுடீஷியல் மாஜிஸ்திரேட்டுக்கு வழக்கை அனுப்ப வேண்டும்.

ஆனால் அடைக்கல வழக்கு பெரும்பாலும் தனியாக வருவதில்லை. கொலை வழக்கோடு சேர்த்துக் கட்டுகிறார்கள். ஒரே நடவடிக்கைத் தொடரில் வெவ்வேறு குற்றம் செய்தவர்களைச் சேர்த்து விசாரிக்கலாம் என்று சட்டம் அனுமதிக்கிறது. திருட்டுச் சாமானை வாங்கியவனைத் திருடனோடு சேர்த்து விசாரிக்கலாம் என்று பெயர் சொல்லியே எழுதியிருக்கிறது. அடைக்கலம் கொடுத்தவரை அப்படிப் பெயர் சொல்லி எழுதவில்லை. ஆகவே, ‘இது ஒரே தொடரா, அல்லது எல்லாம் முடிந்து பல நாள் கழித்து நடந்த வேறு விஷயமா?’ என்று கேட்கும் உரிமை நமக்கு உண்டு. கேட்காமல் விட்டால், சோறு போட்டவரும் அரிவாள் எடுத்தவரும் ஒரே கூண்டில் நிற்க வேண்டிவரும்.

பூந்தமல்லி காட்டிய பாடம்

இது எவ்வளவு தூரம் போகும் என்பதற்குத் தமிழ்நாடே பார்த்த ஒரு வழக்கைச் சொல்கிறேன்.

1991 மே 21ஆம் தேதி ஸ்ரீபெரும்புதூரில் ராஜீவ் காந்தி கொல்லப்பட்டார். கூடவே சாதாரண மக்களும் காவலர்களும் மாண்டார்கள். கொடுமையான கொலை, அதில் இரண்டு அபிப்பிராயத்துக்கு இடமில்லை. கொலைக்குப் பிறகு சம்பந்தப்பட்டவர்கள் பல இடங்களில் ஒளிந்தார்கள். 1991 ஆகஸ்டில் பெங்களூர் கோணனகுண்டேயில் ஒரு வீட்டைப் போலீஸ் சுற்றி வளைத்தது. சிவராசனும் உடனிருந்தவர்களும் அங்கே பிணமாகக் கிடந்தார்கள்.

வழக்கு ‘தடா’ சட்டத்தின் கீழ் பூந்தமல்லி விசேஷக் கோர்ட்டில் நடந்தது. கூண்டில் 26 பேர். சதியில் பங்கெடுத்தவர்கள் என்று சொல்லப்பட்டவர்களோடு, வீடு கொடுத்தவர்கள், தங்க வைத்தவர்கள் என்று சொல்லப்பட்டவர்களும் நின்றார்கள். கர்நாடகத்துக் கோணனகுண்டே வீட்டில் இடம் கொடுத்ததாகக் குற்றம் சாட்டப்பட்டவரும் அந்த 26 பேரில் ஒருவர்.

சாதாரணச் சட்டத்தில் அடைக்கலத்துக்கு என்ன தண்டனை என்று முன்பே சொன்னேன். தடாவின் 3(4) பிரிவில் அதே குற்றத்துக்குக் குறைந்தபட்சமே 5 வருஷம், அதிகபட்சம் ஆயுள். ‘தெரிந்து’ என்ற சொல்கூட அந்தப் பிரிவில் இல்லை. அந்தக் கோர்ட்டில் போலீஸ் சூப்பிரண்டெண்டு முன்பு கொடுத்த வாக்குமூலமும் சாட்சியமாகச் செல்லும். சாதாரணக் கோர்ட்டில் செல்லாது. தீர்ப்பின் மேல் ஹைகோர்ட்டுக்கு அப்பீல் கிடையாது. நேராகச் சுப்ரீம் கோர்ட்டுதான். தடாக் குற்றத்தோடு சேர்த்து விசாரிக்கக்கூடிய மற்றக் குற்றங்களையும் அதே கோர்ட்டே விசாரிக்கலாம் என்று அச்சட்டத்தின் 12ஆம் பிரிவு அதிகாரம் கொடுத்தது.

1998 ஜனவரி 28ஆம் தேதி தீர்ப்பு வந்தது. 26 பேருக்கும் தூக்கு! குண்டு கட்டியவர், கூட வந்தவர், இடம் கொடுத்தவர் என்ற பேதம் இல்லை. எல்லோருக்கும் ஒரே கயிறு.

1999 மே 11ஆம் தேதி சுப்ரீம் கோர்ட்டு என்ன சொன்னது? இந்த வழக்கில் தடாக் குற்றமே ருசுவாகவில்லை என்று சொல்லி, அந்தச் சட்டத்தின் கீழ் கொடுத்த தண்டனைகளை ரத்துச் செய்தது. 19 பேரைக் கொலைச் சதிக் குற்றத்திலிருந்து விடுவித்தது. நாலு பேருக்குத் தூக்கை உறுதி செய்தது. மூன்று பேருக்கு ஆயுளாக மாற்றியது. அடைக்கலம் கொடுத்ததற்காக 212ஆம் பிரிவின் கீழ் வந்த தண்டனைகளை மட்டும், அந்தந்த நபர்களைப் பொறுத்து உறுதி செய்து, தண்டனைக் காலம் கழிந்திருந்தால் விட்டுவிடும்படி சொன்னது. அந்த 19 பேரும் வெளியே வந்தார்கள். மற்ற ஏழு பேரின் கதை நீளமானது. தூக்குகள் பின்னால் ஆயுளாகின. 2022இல் ஏழு பேரும் விடுதலையானார்கள்.

தோழர்களே, இதைக் கவனியுங்கள். ஒருவர் கடைசியில் குற்றவாளி என்று காணப்பட்டது 212ஆம் பிரிவின் கீழ். மாஜிஸ்திரேட் கோர்ட்டில் ஜாமீன் உரிமையாகக் கிடைக்கும் பிரிவு அது. ஆனால் அவர் வருஷக்கணக்கில் சிறையில் கிடந்தார். ஒரு வருஷத்துக்கு மேல் தூக்குக் கயிற்றின் நிழலில் கிடந்தார். தடாக் குற்றம் ருசுவாகவில்லை என்று உச்சநீதிமன்றமே சொன்ன பிறகும், தடாக் கோர்ட்டில் கழிந்த அந்தக் காலம் திரும்பி வரவில்லை. கோர்ட்டைத் தேர்ந்தெடுத்ததிலேயே பாதித் தீர்ப்பு எழுதப்பட்டுவிட்டது.

மலையோரக் கிராமங்கள்

இன்னொன்று. 1993 ஏப்ரல் 9ஆம் தேதி, தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிக் கர்நாடகத்தில் பாலாறு என்ற இடத்தில், வீரப்பன் கும்பல் வைத்த கண்ணிவெடியில் போலீஸாரும் அவர்களுடன் சென்றவர்களும் இருபது பேருக்கு மேல் மாண்டார்கள். வீரப்பன் காட்டுக்குள் இருந்தார். கைக்கு எட்டியவர்கள் மலையோரத்து ஏழைகள்தான். அரிசி கொடுத்தாய், தகவல் சொன்னாய் என்று ஆணும் பெண்ணுமாகப் பிடித்துக்கொண்டு போனார்கள். வழக்கு மைசூர் தடாக் கோர்ட்டில் நடந்தது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் நூற்றுக்கும் அதிகம். 2001இல் தீர்ப்பு வந்தபொழுது பெரும்பாலோர் விடுதலையானார்கள். பாஷை வேறு, ராஜ்யம் வேறு, வருஷங்கள் போய்விட்டன.

அதிரடிப்படையின் அத்துமீறல்களை விசாரிக்கத் தேசிய மனித உரிமைக் கமிஷன் நீதிபதி சதாசிவா தலைமையில் குழு அமைத்தது. 2007இல் பாதிக்கப்பட்ட 89 பேருக்கு 2 கோடியே 80 லட்சம் ரூபாய் கொடுக்கும்படி கமிஷன் சொன்னது. துப்பாக்கி ஏந்திய கும்பல் நள்ளிரவில் வந்து அரிசி கேட்டால், கூலிக்காரன் ‘இல்லை’ என்று சொல்ல முடியுமா? பயந்து கொடுத்தது, தப்புவிக்கும் நோக்கத்தோடு கொடுத்தது ஆகுமா? இந்தக் கேள்வியை முதல் நாளே கேட்டிருக்க வேண்டிய கோர்ட்டு, எட்டு வருஷம் கழித்துப் பதில் சொன்னது.

இன்றைய விசேஷச் சட்டம்

தடா 1995இல் காலாவதியாகிவிட்டது. அதன் பின் வந்த பொடா 2004இல் ரத்தானது. ஆனால் அதே 2004இல், 1967ஆம் வருஷத்துச் சட்டவிரோத நடவடிக்கைகள் தடுப்புச் சட்டத்துக்குள் பயங்கரவாதக் குற்றங்களைச் சேர்த்தார்கள். அதில் 19ஆம் பிரிவு அடைக்கலம். குறைந்தபட்சம் 3 வருஷம், அதிகபட்சம் ஆயுள். ‘பயங்கரவாதி என்று தெரிந்தே’ கொடுத்திருக்க வேண்டும் என்று இதில் எழுதியிருக்கிறது. கணவன், மனைவிக்கு விலக்கும் இருக்கிறது. தடாவை விட இது மேல் என்று சொல்லலாம்.

ஆனால் ஜாமீன்? குற்றச்சாட்டு மேலெழுந்தவாரியாக உண்மை போலத் தோன்றினாலே ஜாமீன் இல்லை என்கிறது 43டி பிரிவு. குற்றப்பத்திரிகை போட 180 நாள் வரை எடுத்துக்கொள்ளலாம். தேசியப் புலனாய்வு ஏஜென்சி எடுத்த வழக்கானால், 2008ஆம் வருஷத்துச் சட்டப்படி விசேஷக் கோர்ட்டுதான் விசாரிக்கும். ‘எனக்குத் தெரியாது’ என்ற ஒரே பதில் வைத்திருப்பவர், அதைச் சொல்வதற்கு விசாரணை வரும் வரை உள்ளே காத்திருக்க வேண்டும். இந்த வழக்கு தன் எல்லைக்குள் வராது என்று விசேஷக் கோர்ட்டுக்குத் தோன்றினால், உரிய சாதாரணக் கோர்ட்டுக்கு அதை மாற்ற வேண்டும் என்றும் அதே 2008ஆம் வருஷத்துச் சட்டம் சொல்கிறது. நம் வக்கீல்கள் அந்தக் கதவைத் தட்டியாக வேண்டும்.

அடியாட்களுக்குக் கொட்டகை போட்டவன்

இந்தச் சட்டம் ஏழையை மட்டும் பார்த்து எழுதப்பட்டதா? எழுத்தில் அப்படி இல்லை.

கூலி உயர்வு கேட்டு அறுவடை வேலை நின்றால் என்ன நடக்கிறது? வெளியூரிலிருந்து அடியாட்கள் வருகிறார்கள். பண்ணைக் களத்துக் கொட்டகையில் படுக்கிறார்கள். அங்கே கறியும் சோறும் நடக்கிறது. மில்லில் ஸ்டிரைக் என்றால், கிடங்கில் குண்டர்களை வைத்துச் சாப்பாடு போடுகிறார்கள். சட்டவிரோதக் கூட்டத்தில் சேர்வதற்காகக் கூலிக்கு அமர்த்தப்பட்டவர்கள் என்று தெரிந்தே, தன் வீட்டிலோ தன் பொறுப்பிலுள்ள இடத்திலோ ஆட்களைத் தங்க வைப்பதும் குற்றம்தான். பழைய சட்டத்தில் அது 157ஆம் பிரிவு. இன்றைக்கு 189ஆம் பிரிவுக்குள் இருக்கிறது. 6 மாதம் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும்.

இந்தப் பிரிவின் பெயரை எத்தனை பேர் கேள்விப்பட்டிருக்கிறீர்கள்? மச்சினனுக்குச் சோறு போட்டவனைத் தேடி ராத்திரியோடு ராத்திரியாக வரும் போலீஸ், அடியாட்களுக்குக் கொட்டகை போட்டவர் வீட்டுக்கு எத்தனை முறை போயிருக்கிறது? அடித்துவிட்டு ஓடிய அடியாட்களை அடுத்த மாவட்டத்துப் பங்களாவில் ஒளித்து வைத்தால், 249ஆம் பிரிவும் பாய வேண்டும். எந்த ஊர்க் கோர்ட்டு? அதே 200ஆம் பிரிவின்படி, பங்களா இருக்கும் ஊரும் சரி, அடி விழுந்த நம் ஊரும் சரி. போலீஸ் அசையாவிட்டால், அடிபட்டவர் தம் ஊர் மாஜிஸ்திரேட்டிடம் நேராகப் பிராது கொடுக்கலாம். நம்மைத் தூரத்துக்கு இழுக்கும் அதே விதி, அவர்களை நம் ஊருக்கு இழுக்கவும் உதவும். இதை நாம் உபயோகிக்கக் கற்றுக்கொள்ள வேண்டும்.

நாம் செய்ய வேண்டியது

முதலாவது, கொலைகாரனையும் கொள்ளைக்காரனையும் சங்கம் ஒளித்து வைக்காது. இதில் குழப்பம் வேண்டாம். நான் பேசுவது தெரியாமல் செய்தவரைப் பற்றி, பயந்து செய்தவரைப் பற்றி, பொய்யாகச் சேர்க்கப்பட்டவரைப் பற்றி.

இரண்டாவது, போலீஸ் வந்தால் எந்தப் பிரிவு, எந்தச் ஸ்டேஷன், எந்தக் கோர்ட்டு என்று கேளுங்கள். கைதுக்கான காரணத்தைச் சொல்வதும், உங்கள் வீட்டாருக்குத் தகவல் கொடுப்பதும் அவர்கள் கடமை. 7 வருஷம் வரை தண்டனைக்குரிய குற்றங்களில் யோசிக்காமல் கைது செய்யக் கூடாது, முதலில் நோட்டீஸ் கொடுப்பதே முறை என்று 2014இல் சுப்ரீம் கோர்ட்டு சொல்லியிருக்கிறது. சாட்சியாக விசாரிப்பதற்குப் பெண்களை ஸ்டேஷனுக்கு அழைக்க முடியாது. அவர்கள் இருக்கும் இடத்துக்குத்தான் வர வேண்டும்.

மூன்றாவது, வெளியூர்ப் போலீஸ் கைது செய்தாலும், பயண நேரம் நீங்கலாக 24 மணி நேரத்துக்குள் பக்கத்து மாஜிஸ்திரேட் முன்பு நிறுத்த வேண்டும். இது அரசியல் சட்டத்தின் 22ஆவது ஷரத்து. அந்த மாஜிஸ்திரேட்டிடமே ஜாமீன் கேளுங்கள். மௌனமாக வண்டியில் ஏறாதீர்கள்.

நாலாவது, வக்கீல் வைக்க வசதி இல்லாவிட்டால் சர்க்கார் செலவில் வக்கீல் கேட்பது உங்கள் உரிமை. ஒவ்வொரு வாய்தாவுக்கும் நேரில் வராமல் இருக்க அனுமதி கேட்டு மனுப் போடலாம். வழக்கை வேறு கோர்ட்டுக்கு மாற்றும்படி ஹைகோர்ட்டைக் கேட்கலாம். வேறு ராஜ்யத்துக்கு மாற்றுவதானால் சுப்ரீம் கோர்ட்டைக் கேட்க வேண்டும். ஆட்சேபணையை முதல் வாய்தாவிலேயே எழுத்தில் கொடுங்கள்.

ஐந்தாவது, வெற்றுக் காகிதத்தில் கையெழுத்துப் போடாதீர்கள், ரேகை வைக்காதீர்கள். ‘எனக்குத் தெரிந்துதான் இடம் கொடுத்தேன்’ என்ற ஒரு வரிதான் வழக்கின் உயிர். அந்த வரியை உங்கள் பேரில் வேறு யாரும் எழுத விடாதீர்கள்.

தோழர்களே!

மறுபடியும் அந்தக் கோயம்புத்தூர் வீட்டுக்குப் போவோம். போலீஸ் வந்து நிற்கிறது. அந்தத் தொழிலாளி ஒன்றும் தெரியாதவராக இருந்தால் நடுங்குவார், கைகூப்புவார், வண்டியில் ஏறுவார். இந்தச் சட்டம் தெரிந்தவராக இருந்தால், “என் மச்சினன் வந்தான், சாப்பிட்டான், போனான். அவன் என்ன செய்தான் என்பது எனக்குத் தெரியாது. எந்தப் பிரிவு? எந்தக் கோர்ட்டு? சங்கத்துக்குச் சொல்லிவிட்டு வருகிறேன்” என்பார். அவர் மனைவி அதற்குள் பக்கத்து வீட்டுப் பையனைச் சங்க ஆபீஸுக்கு அனுப்பியிருப்பாள்.

அந்த ஐந்து நிமிஷம்தான் ஐந்து வருஷத்தைத் தீர்மானிக்கிறது. நம் வீட்டுச் சோற்றுக்குக் கணக்கு கேட்கும் உரிமை கோர்ட்டுக்கு இருக்கலாம். எந்தக் கோர்ட்டு, எந்தச் சட்டப்படி என்று திருப்பிக் கேட்கும் உரிமை நமக்கு நிச்சயமாக இருக்கிறது. இன்று இங்கே கேட்டதை வீட்டில் உள்ள தாய்மார்களுக்கும் வயலில் உள்ள தோழர்களுக்கும் சொல்லுங்கள். கதவு எப்பொழுது தட்டப்படும் என்று யாருக்கும் தெரியாது.